நினைவும் நினைவகமும்: க்ரிஸ் மார்க்கரின் திரைப்படங்கள்

கணினிச் சொற்களைத் தமிழாக்கியவர்கள் செய்த நல்ல காரியங்களில் ஒன்று, மெமரி என்பதை 'நினைவு' என்று எழுதாமல் 'நினைவகம்' என்று எழுதியது. ஆங்கிலத்திலும் பிரெஞ்சிலும் மனிதனிடம் இருப்பதற்கும் இயந்திரத்திடம் இருப்பதற்கும் ஒரே சொல்தான். தமிழில் 'அகம்' என்று ஒன்றைச் சேர்த்து, வீடு வேறு, வசிப்பவர் வேறு என்று பிரித்து வைத்துவிட்டார்கள். போதாததற்கு நம் 'நினைத்தல்' என்ற வினைக்கு யோசிப்பது, ஞாபகப்படுத்திக்கொள்வது என்று இரண்டு பொருளும் உண்டு. ஒவ்வொரு முறையும் புதிதாகச் செய்யவேண்டிய ஒரு காரியமாகவே நம் மொழி நினைவைப் பார்க்கிறது.

தகவல் சேமிப்புக்கான மென்பொருள் எழுதிப் பிழைப்பவன் நான். முதுகலைப் பொறியியலில் எனக்குக் கற்றுத்தரப்பட்டதெல்லாம் ஒரே குறிக்கோளை நோக்கியவை: இன்று எழுதிய பைட்டுகளை நாளை படித்தால், அவை ஒன்றுகூட மாறாமல் திரும்பி வரவேண்டும். மாறாமல் திரும்பி வருவது நினைவாகுமா என்ற கேள்வி பாடத்திட்டத்தில் இல்லை. அந்தக் கேள்வியை எனக்குள் போட்டவை க்ரிஸ் மார்க்கர் என்ற பிரெஞ்சுக்காரரின் படங்கள். அவரைப் பற்றித் தமிழில் அவ்வளவாக எழுதப்படவில்லை என்பதால் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன்.

மார்க்கரின் இயற்பெயர் க்ரிஸ்தியான் பூஷ்-வில்நெவ். 1921 ஜூலை 29 அன்று பாரிஸை ஒட்டிய நொய்யி நகரில் பிறந்தார். மங்கோலியாவில் பிறந்ததாக ஒரு கதையையும் உலவவிட்டிருந்தார். தன் முகத்தைப் புகைப்படம் எடுக்க விடமாட்டார். படம் கேட்பவர்களுக்கு ஒரு பூனையின் படத்தை அனுப்பிவைப்பார். உலகமெங்கும் போய் அடுத்தவர் முகங்களைப் படம்பிடித்தவர் தன் முகத்தைத் தராமல் மறைத்துக்கொண்டது வேடிக்கைதான். 2012-இல், தன் 91-ஆவது பிறந்த நாளன்றே பாரிஸில் இறந்தார். எழுத்தாளர், புகைப்படக்காரர், ஆவணப்பட இயக்குநர், கடைசிக் காலத்தில் கணினிக் கலைஞர் என்று பல வேலைகள் செய்தவர். ஆவணப்படத்தைக் கட்டுரையாக எழுதமுடியும் என்று காட்டிய முன்னோடிகளில் அவரும் ஒருவர்.

கட்டுரை என்று சொல்வதற்குக் காரணம் உண்டு. 1957-இல் அவர் எடுத்த 'சைபீரியாவிலிருந்து ஒரு கடிதம்' படத்தில் புகழ்பெற்ற ஓர் இடம் வருகிறது. யாகுட்ஸ்க் நகரத் தெரு. ஒரு பேருந்தும் ஒரு காரும் கடந்து போகின்றன. தொழிலாளர்கள் சாலையைச் சமன் செய்கிறார்கள். உள்ளூர்க்காரர் ஒருவர் கேமராவைப் பார்த்தபடி நடக்கிறார். இதே துண்டை மார்க்கர் மூன்று முறை காட்டுகிறார். முதல் முறை சோவியத் சாதனையைப் போற்றும் வர்ணனை. இரண்டாம் முறை அதே அரசைத் தூற்றும் வர்ணனை. மூன்றாம் முறை நடுநிலை என்று நாம் எதைச் சொல்கிறோமோ அது. மூன்றிலும் ஒரு ஃபிரேம் கூட மாறவில்லை. நாம் பார்ப்பது மட்டும் மூன்று வெவ்வேறு நகரங்கள். நடுநிலை வர்ணனையும் உண்மையைச் சொல்லிவிடவில்லை என்பதுதான் இதில் கூர்மையான இடம். பைட்டுகள் பத்திரமாக இருப்பதால் மட்டும் பொருள் பத்திரமாகிவிடுவதில்லை என்பதை இதைவிடச் சுருக்கமாக யாரும் விளக்கி நான் பார்க்கவில்லை.

*

மார்க்கரின் பெயரைப் பலருக்கும் அறிமுகப்படுத்துவது 1962-இல் வந்த 'லா ஜெத்தே'. 28 நிமிடப் படம். விஞ்ஞானக் கதைதான், ஆவணப்படம் அல்ல. ஆனாலும் இதை விட்டுவிட்டு மற்றவற்றைப் பேசமுடியாது. மூன்றாம் உலகப் போரில் பாரிஸ் அழிந்துபோகிறது. நிலத்தடியில் ஒளிந்திருக்கும் விஞ்ஞானிகள் கைதிகளைக் காலத்தினூடே அனுப்பிப் பார்க்கிறார்கள். பலர் பைத்தியமாகிறார்கள் அல்லது சாகிறார்கள். ஒருவன் மட்டும் தாக்குப்பிடிக்கிறான். காரணம், சிறுவயதில் ஓர்லி விமான நிலையத்தின் பார்வையாளர் மேடையில் பார்த்த ஒரு பெண்ணின் முகத்தை அவன் விடாமல் பிடித்துக்கொண்டிருப்பது. அதே இடத்தில் அன்று ஒரு மனிதன் செத்து விழுந்ததையும் அவன் பார்த்திருக்கிறான். அந்தச் சாவு யாருடையது என்பதுதான் கதையின் முடிச்சு. 1995-இல் டெரி கில்லியம் இயக்கிய 'ட்வெல்வ் மங்கீஸ்' இதிலிருந்து கிளைத்ததே.

படம் முழுவதும் அசையாத புகைப்படங்கள். ஒரே ஒரு விதிவிலக்கு. தூங்கிக்கொண்டிருக்கும் அந்தப் பெண் கண் திறந்து இமைக்கிறாள். சில விநாடிகள்தான். அதுவரை படங்களையே பார்த்துப் பழகிய நமக்கு, அந்த இமைப்பில் மூச்சு நின்றுவிடும்.

என் தொழில் வழியே இதைப் பார்க்கும்போது ஒன்று தோன்றுகிறது. இன்று நாம் இணையத்தில் பார்க்கும் வீடியோக்களில் எல்லா ஃபிரேம்களும் முழுதாகச் சேமிக்கப்படுவதில்லை. அங்கங்கே ஒரு முழுப்படத்தை வைத்துக்கொண்டு, நடுவில் உள்ளவற்றுக்கு 'முந்தையதிலிருந்து என்ன மாறியது' என்பதை மட்டும் குறித்துவைப்பார்கள். மென்பொருள் அதைக்கொண்டு இடைவெளியை நிரப்பும். 'லா ஜெத்தே'யில் மார்க்கர் முழுப்படங்களை மட்டும் தருகிறார். இடைவெளியை நிரப்பும் வேலை பார்வையாளனுடையது. ஒவ்வொருவரும் தன் மனதிலிருந்து எடுத்து நிரப்புவதால்தான் அந்தப் பெண்ணை எனக்கு ஏற்கெனவே தெரியும் என்பதுபோல இருக்கிறது. நினைவும் ஏறத்தாழ இப்படித்தான் வேலை செய்கிறது. சில அசையாத படங்களை வைத்துக்கொண்டு மீதியை நாமே இட்டுக்கட்டிக்கொள்கிறோம்.

*

1983-இல் வந்த 'ஸான் ஸொலெய்' மார்க்கரின் ஆகச் சிறந்த படம் என்பது என் கருத்து. 'சூரியன் இல்லாமல்' என்று பொருள். முசோர்க்ஸ்கியின் பாடல் தொகுப்பொன்றிலிருந்து எடுத்த தலைப்பு. ஸாண்டோர் க்ராஸ்னா என்ற ஒளிப்பதிவாளர் ஊர் ஊராகச் சுற்றியபடி கடிதம் எழுதுகிறார். பெண் குரல் ஒன்று அவற்றை நமக்குப் படித்துக்காட்டுகிறது. க்ராஸ்னா கற்பனை மனிதர், மார்க்கரின் முகமூடி. ஜப்பான், கினி-பிஸ்ஸாவ், கேப் வெர்டே, ஐஸ்லாந்து, ஹிட்ச்காக்கின் 'வெர்ட்டிகோ' எடுக்கப்பட்ட சான் பிரான்சிஸ்கோ என்று படம் தாவிக்கொண்டே போகும். காணாமல் போன பூனைக்காகக் கோயிலில் வேண்டிக்கொள்ளும் தம்பதியும், ரயிலில் தூங்கி வழியும் டோக்கியோ மனிதர்களும், விடுதலைப் போராட்டத்தின் தோல்வியும் ஒரே மூச்சில் வருவார்கள்.

இந்தப் படத்தில் க்ராஸ்னா ஒரு சந்தேகத்தை எழுப்புகிறார். டோக்கியோவின் ஒரு ஜனவரி மாதம் தனக்கு ஞாபகம் இருப்பதாக நினைக்கிறார். யோசித்துப் பார்த்தால், ஞாபகம் இருப்பது அந்த ஜனவரியில் தான் எடுத்த படங்கள்தான். படங்கள் நினைவின் இடத்தில் குடியேறிவிட்டன. படமெடுக்கும் வழக்கமே இல்லாதவர்கள் எப்படி ஞாபகம் வைத்துக்கொள்கிறார்கள் என்று அவர் வியக்கிறார். வெளிநாட்டில் வசிக்கும் நம்மில் பலருக்கு ஊர் என்பது எவ்வளவு தூரம் ஊர், எவ்வளவு தூரம் ஆல்பம் என்று கேட்டுக்கொண்டால் இந்தச் சந்தேகத்தின் கனம் புரியும்.

இன்னோர் இடம். கினி-பிஸ்ஸாவில் ஒரு விருது விழா. விடுதலை வீரர் அமில்கார் கப்ராலின் சகோதரரும் அன்றைய அதிபருமான லூயிஸ் கப்ரால், நீனோ என்றழைக்கப்பட்ட தளபதிக்குப் பதவி உயர்வுப் பட்டை அணிவிக்கிறார். நீனோவின் கண்களில் நீர். பழைய தோழர்களின் நெகிழ்ச்சி என்று நினைக்கிறோம். இந்தப் படத்தைச் சரியாகப் படிக்கக் காலத்தில் முன்னால் போகவேண்டும் என்கிறது அந்தக் குரல். அதே 1980-ஆம் ஆண்டு நவம்பரில் நீனோ ஆட்சியைக் கவிழ்த்து லூயிஸ் கப்ராலைச் சிறைவைத்தார். அந்தக் கண்ணீர், தன்னை மற்ற தளபதிகளுக்கு மேலாக உயர்த்தவில்லையே என்ற மனத்தாங்கலின் கண்ணீர். சைபீரியாவில் வர்ணனை செய்த வேலையை இங்கே காலமே செய்கிறது. நிகழ்ச்சி முடிந்துவிட்டது, படம் பெட்டிக்குள் போய்விட்டது, ஆனால் அதன் பொருள் இன்னும் எழுதப்பட்டுக்கொண்டிருக்கிறது.

இதற்கு மார்க்கர் கண்ட தொழில்நுட்ப வழி விசித்திரமானது. படத்தில் ஹயாவோ யமானெகோ என்ற கற்பனை ஜப்பானிய நண்பர் வருகிறார். பழைய போராட்டக் காட்சிகளை மின்னணு இயந்திரத்தில் செலுத்தி, உருவங்கள் வெறும் வண்ணத் திட்டுகளாக நடுங்கும்படி செய்கிறார். அந்த உலகத்துக்கு, தார்க்காவ்ஸ்கியின் 'ஸ்டாக்கர்' படத்தை நினைவுகூர்ந்து, 'மண்டலம்' என்று பெயர். எதற்காக இப்படிக் கெடுக்கவேண்டும்? யமானெகோவின் வாதம் இதுதான்: தெளிவான படம், கடந்த காலத்தையே கையில் தந்துவிட்டதாகப் பாசாங்கு செய்கிறது. சிதைந்த படமோ தான் படம் மட்டுமே என்று ஒப்புக்கொள்கிறது. பிழையில்லாமல் பிரதியெடுப்பதையே அறம் என்று படித்தவனுக்கு இது முதலில் எரிச்சலூட்டும் வாதம். எனக்கு ஊட்டியது. பிறகு யோசித்தால், பழைய கறுப்பு வெள்ளைப் படங்களுக்கு நிறம் பூசி, மங்கிய முகங்களைக் கணினியால் கூராக்கித் தரும் இக்காலத்தில் அந்த வாதத்துக்கு வலு கூடியிருக்கிறது. கூராக்கப்பட்ட அந்தக் கண்கள் தாத்தாவின் கண்கள் அல்ல. ஆயிரக்கணக்கான வேறு கண்களைப் பார்த்துப் பழகிய மென்பொருளின் ஊகம்.

மார்க்கரிடம் குறையே இல்லை என்று சொல்லமாட்டேன். 'ஸான் ஸொலெய்' ஒலியில்லாத 16 எம்எம் கேமராவில் எடுக்கப்பட்டது. பிஸ்ஸாவ் சந்தையில் நிற்கும் பெண்கள் நம்மைப் பார்க்கிறார்கள், பேசுவதில்லை. பேசுவதெல்லாம் பாரிஸில் எழுதப்பட்ட கடிதங்கள். அடுத்தவர் நாட்டை ஒரு வெள்ளைக்காரரின் வியப்பு வழியே பார்க்கிறோம் என்ற உறுத்தல் எனக்கு ஒவ்வொரு முறையும் வருகிறது. படத்துக்கும் அந்த உறுத்தல் இருக்கிறது என்பதே ஆறுதல். சந்தையில் ஒரு பெண் கேமராவை நேராகப் பார்ப்பது ஒரே ஒரு ஃபிரேமின் நேரம், அதாவது விநாடியில் 24-இல் ஒரு பங்கு. அதைக் கண்டுபிடித்துக் காட்டுவதற்காகவே படம் மெனக்கெடுகிறது.

*

மார்க்கரின் படங்களில் என்னை அதிகம் பாதித்தது, வெட்டி எறியப்பட்ட வால்களைப் பற்றிய அவருடைய அக்கறை. 'ஸான் ஸொலெய்' தொடங்குவது 1965-இல் ஐஸ்லாந்தில் எடுத்த ஒரு காட்சியோடு. சாலையில் மூன்று குழந்தைகள். மகிழ்ச்சியின் படம் என்று அவர் நினைத்தது அது. வேறெந்தப் படத்தோடு சேர்த்தாலும் ஒட்டவில்லை. எனவே அதைத் தனியே வைத்து, பக்கத்தில் கறுப்புத் திரையை வைத்துவிட்டார். படத்தின் முடிவில் அதே காட்சி திரும்பி வருகிறது, இம்முறை சற்று நீளமாக. காற்றின் வேகத்தில் கேமரா ஆடி, மங்கலாகிப்போன கடைசிப் பகுதியை முதலில் சுத்தமாக இருக்கட்டும் என்று வெட்டியிருந்தார். இப்போது அதைச் சேர்க்கிறார். அந்த நடுக்கத்தில்தான் அன்று அங்கே அடித்த காற்று இருக்கிறது. தொடர்ந்து, எரிமலை ஆய்வாளர் ஹாரூன் தாஸியெஃப் அதே ஊரில் எடுத்த படம் வருகிறது. 1973 ஜனவரியில் ஹெய்மாய் தீவில் எரிமலை வெடித்து, வீடுகள் கரிய சாம்பலில் புதைந்து கிடக்கின்றன.

இதைப் பார்த்தபோது எங்கள் வீட்டுக் கல்யாணக் கேசட் ஒன்று நினைவுக்கு வந்தது. 1996-இல் பாளையங்கோட்டையில் நடந்த சித்தியின் கல்யாணம். சில வருடங்களுக்கு முன் அதை டிஜிட்டலாக மாற்றி எல்லோருக்கும் அனுப்பினார்கள். மாற்றிக்கொடுத்தவர் தேவையில்லாத இடங்களை எல்லாம் வெட்டி அழகாகத் தந்திருந்தார். ஊருக்குப் போயிருந்தபோது சித்தி வீட்டு அலமாரியிலிருந்த மூலக் கேசட்டை ஓட்டிப் பார்த்தேன். பந்தியைப் படம்பிடித்து முடித்து வீடியோக்காரர் கேமராவைத் தாழ்த்துகிற இடத்தில், தரையும் இலைகளும் தாறுமாறாக ஓட, ஆச்சியின் குரல் கேட்கிறது: "போதும்ல, அந்த லைட்ட அமத்து, கண்ணு கூசுது." நாலைந்து விநாடிகள்தான். ஆச்சியின் முகம் எங்களிடம் நிறைய இருக்கிறது, எல்லாம் கேமராவுக்காக விறைத்து நிற்கும் முகம். குரல் இருப்பது இந்த ஓர் இடத்தில் மட்டும்.

1997-இல் வந்த 'லெவல் ஃபைவ்' படத்தில் மார்க்கர் இந்த வாலைப் போருக்குள் தேடுகிறார். லாரா என்ற பெண், இறந்துபோன தன் காதலன் பாதியில் விட்ட கணினி விளையாட்டை முடிக்கப் பார்க்கிறாள். 1945 ஏப்ரல் முதல் ஜூன் வரை நடந்த ஒகினாவாப் போர்தான் விளையாட்டு. போர் விளையாட்டுகளில் தோற்றவரை ஜெயிக்கவைக்கலாம். இந்த விளையாட்டு மட்டும் மறுக்கிறது. எத்தனை முறை நகர்த்தினாலும் நடந்தது அப்படியே நடக்கிறது. ஒகினாவா மக்கள் ஒரு லட்சத்துக்கு மேல் இறந்த போர் அது. எதிரி கையில் சிக்குவதைவிடச் சாவதே மேல் என்று நம்பவைக்கப்பட்டு, குடும்பங்கள் தம்மைத்தாமே கொன்றுகொண்டன. டொகாஷிகித் தீவில் பதின்வயதில் தன் தாயையே கொல்ல நேர்ந்த கின்ஜோ ஷிகெயாகி, பின்னாளில் பாதிரியானவர், படத்தில் பேசுகிறார். அவருக்கும் அந்த ஆட்டத்தைத் திரும்ப ஆட வழியில்லை.

அதே படத்தில் உடலில் தீப்பற்றி ஓடிவரும் மனிதன் ஒருவனின் செய்திப்படத் துண்டு வருகிறது. போரின் கொடுமையைக் காட்ட, வெவ்வேறு இடங்களில் நடந்ததாக, வெவ்வேறு படங்களில் பயன்படுத்தப்பட்ட துண்டு. அவன் விழுந்ததும் வெட்டிவிடுவார்கள். மூலத்தைப் பார்த்தால் அவன் எழுந்திருக்கிறான் என்கிறார் மார்க்கர். ஆனால் அந்த வாலைக் காட்டினால் குறியீடு கெட்டுவிடும். ஒரு மனிதன் உயிர் பிழைத்ததைவிட, அவன் சாவதுபோல் தெரியும் படமே எல்லோருக்கும் தேவைப்பட்டிருக்கிறது.

*

அதே 1997-இல் பாரிஸின் பொம்பிடூ மையத்துக்காக மார்க்கர் 'இம்மெமரி' என்ற குறுந்தகட்டைச் செய்தார். பள்ளிப் பிள்ளைகள் பயன்படுத்தும் ஹைப்பர்ஸ்டூடியோ என்ற எளிய மென்பொருளில், ஏறக்குறையத் தனியாளாக. சினிமா, பயணம், போர், கவிதை, புகைப்படம் என்று பகுதிகள். நினைவுக்கு வரலாற்றைவிட வரைபடமே பொருத்தம் என்பது அவர் எண்ணம். கியோம் என்ற கார்ட்டூன் பூனை வழிகாட்டும். ப்ரூஸ்டின் மாட்லேன் பலகாரத்திலிருந்து அதே பெயருள்ள 'வெர்ட்டிகோ' நாயகிக்குத் தாவலாம். பார்ப்பவர் மெல்ல மெல்ல மார்க்கரின் நினைவுகளை எடுத்துவிட்டுத் தன் நினைவுகளை அங்கே வைத்துக்கொள்ளவேண்டும் என்பதே அவர் விருப்பம்.

ஆங்கிலப் பதிப்பு 2002-இல் வந்தது. 2007-இல் ஆப்பிள் தன் புதிய இயங்குதளத்தில் பழைய மாக் மென்பொருள்களை ஓட்டும் வசதியை நீக்கிவிட்டது. 2008-இல் 'இம்மெமரி'யைத் திருத்தி மறுபடி வெளியிட்டார்கள். 2019-இல் ஆப்பிள் 32-பிட் மென்பொருள்கள் அனைத்தையும் கைவிட்டது. இன்றைய மடிக்கணினியில் குறுந்தகட்டைச் செருகவே இடமில்லை. நினைவைப் பற்றிய படைப்பு, தேய்ந்துபோகாமலே, ஒரு பைட் கூடக் கெடாமலே, படிக்கமுடியாததாகிறது. 1980-களில் மார்க்கர் ஆப்பிள் 2 கணினியில் பேசிக் மொழியில் எழுதிய 'டயலெக்டர்' என்ற உரையாடும் நிரலின் கதை வேறு விதம். அவர் அதைத் தொடரவில்லை. பின்னாளில் ஆர்வலர்கள் சிலர் பழைய ஃபிளாப்பிகளிலிருந்து அதை மீட்டு ஓடவைத்தார்கள். காப்பாற்றியது ஃபிளாப்பி அல்ல. இது முக்கியம் என்று நினைத்த மனிதர்கள்.

என் துறையில் இதற்கு இடமாற்றம் என்று பெயர். எந்த ஊடகமும் நிரந்தரம் இல்லை. தகவல் வாழவேண்டுமானால், சில வருடங்களுக்கு ஒருமுறை யாராவது அதை எடுத்துத் திறந்து பார்த்து, அடுத்த ஊடகத்துக்கு மாற்றவேண்டும். யாரும் திறக்காத கோப்பு, பத்திரமாக இருந்தாலும் இறந்த கோப்புதான். நம் முன்னோர் ஓலைச்சுவடிகளை மறுபடி மறுபடி படியெடுத்ததும் இதே வேலைதான். படியெடுக்கும்போது ஒருவர் அதைப் படிக்கவும் செய்தார். இன்று கைபேசியே 'நினைவுகள்' என்று தலைப்பிட்டு, பின்னணி இசை சேர்த்து, வால்களை வெட்டி நமக்குப் பரிமாறுகிறது. தேர்ந்தெடுக்கும் வேலையையும் நினைவகத்திடமே ஒப்படைத்துவிட்டால், நினைப்பது யார்?

மார்க்கரின் மறைவுக்குப் பின் அவர் வீட்டில் குவிந்திருந்த கடிதங்கள், படங்கள், டிஸ்குகள் பெட்டி பெட்டியாக பிரெஞ்சு சினிமாத்தெக் காப்பகத்துக்குப் போயின. 2018-இல் அவற்றிலிருந்து தேர்ந்தெடுத்து ஒரு கண்காட்சி வைத்தார்கள். ஆய்வாளர்களுக்கு அது புதையல். நமக்கு அவ்வளவு தூரம் போகத் தேவையில்லை. மார்க்கரை இதுவரை பார்க்காதவர்கள் 'லா ஜெத்தே'யில் தொடங்கலாம், அரைமணி நேரம்கூட ஆகாது. அடுத்து 'ஸான் ஸொலெய்'. முதல் முறை புரியாதது போலிருக்கும், விட்டுவிடாதீர்கள். அதற்கும் அடுத்து, வீட்டில் பழைய கேசட்டோ ஒலிநாடாவோ கிடந்தால், ஓட்டிப் பார்க்க இயந்திரம் கிடைக்கும் காலத்திலேயே ஒருமுறை முழுதாக, கடைசிவரை ஓட்டிப் பாருங்கள்.